பொருள்: கடைசிப் பாரம் (மடித்துத் தைக்கும் 16 பக்கத் தாள் கட்டு) இல்லாத நாவல், பழைய பதிப்புக் கையேடு – இறுதிப் புகார்

வாடிக்கையாளர் சேவை மேலாளர் அவர்களுக்கு,

வணக்கம். உங்கள் ஹெல்ப்லைனில் பேசிப் பேசி வாய் வலித்துவிட்டதால் இதை எழுதுகிறேன். எந்தப் புத்தகங்கள் என்று மறுபடியும் விளக்கப் போவதில்லை. இதழியல் கையேடு, தொழில்முறை எழுத்து வழிகாட்டி, தூண்டில்காரர் துப்பறியும் நாவல், மூன்றும் ஒரே ஆசிரியருடையவை. செட்டாகக் கட்டி விற்றது நீங்கள். உங்கள் சரக்கு உங்களுக்கே தெரியாதா?

எழுத்து வழிகாட்டியில் குறை இல்லை. கையேடு பழைய பதிப்பு. படத்தில் காட்டியது புதியது. நாவல்தான் வயிற்றெரிச்சல். 272ஆம் பக்கம் முடிந்ததும் மறுபடி 257 தொடங்குகிறது. அச்சகத்தில் வேலை பார்த்தவன் என்பதால் பார்த்ததும் புரிந்தது. 16 பக்கப் பாரம் ஒன்றை இரண்டு தடவை வைத்துத் தைத்துவிட்டு, கடைசிப் பாரத்தை விட்டுவிட்டார்கள். கொலை செய்தது யார் என்பது அதில்தான் இருக்கிறது.

இதைச் சொன்னதற்கு உங்கள் ஹெல்ப்லைன் பையன் சிரித்தான். "மீன் கதைதானே அங்கிள், கடைசிப் பக்கங்களில் என்ன பெரிசா இருக்கப் போகுது?" என்று கேட்டுவிட்டு போனை வைத்தான். அழைப்புகளைப் பதிவு செய்வதாக நீங்கள்தானே சொல்கிறீர்கள்? போட்டுக் கேளுங்கள்.

சரி, நேரிலேயே போவோம் என்று டர்பனின் சாட்ஸ்வொர்த்திலிருந்து ஸ்பிரிங்ஃபீல்டில் உள்ள உங்கள் கவுன்ட்டருக்கு வந்தேன். உம்கேனி ரோட்டு நெரிசலைத் தாண்டி, வரிசையில் நின்று, என் முறை வந்தபோது "சிஸ்டம் ஆஃப்லைன்". இன்னொரு நாள் வந்தால், பிரிக்காத பார்சலைத்தான் திரும்ப எடுப்பார்களாம். பிரிக்காமல் 272ஆம் பக்கத்தை எப்படிப் பார்ப்பது? அங்கிருந்த அம்மா மரியாதையாகப் பேசினார், அதற்கு நன்றி. பார்சலை மட்டும் நானே திரும்பத் தூக்கிக்கொண்டு போனேன்.

நாவல் என் மச்சானுக்கு வாங்கியது. டர்பன் கடற்கரையில், ப்ளூ லகூனில் தூண்டில் போடுகிறவர். அக்டோபர், நவம்பரில் ஷாட் மீன் பிடிக்கத் தடை. அந்த நேரத்தில் படிக்கக் கேட்டார். தடையும் முடிந்துவிட்டது. 30 சென்டிமீட்டருக்குக் கொஞ்சம் குறைந்தாலும் ஷாட்டைத் திரும்பக் கடலில் விடுகிற மனுஷர் அவர். இப்போது உங்களைத் திட்டாமல் ஒரு நாள் போவதில்லை.

அப்புறம், சனிக்கிழமைகளில் கோயில் மண்டபத்தில் பிள்ளைகளுக்குச் செய்தி எழுதச் சொல்லித் தருகிறேன். புதிய பதிப்பை நம்பித்தான் பாடம் வகுத்தேன். 1903இல் 'இந்தியன் ஒப்பீனியன்' பத்திரிகை தமிழ்ப் பக்கத்தோடு வெளிவந்த டர்பனில், ஒரு தலைமுறை நிருபர்களையே நீங்கள் கெடுத்துவிட்டீர்கள்! அந்தப் பையன் சிரித்தது இன்னும் காதில் இருக்கிறது.

"ஏழு நாள் கெடு தாண்டிவிட்டது" என்கிறது உங்கள் மின்னஞ்சல். நம் தென்னாப்பிரிக்காவின் 2008ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம், 56ஆம் பிரிவைப் படியுங்கள். குறையுள்ள பொருளை ஆறு மாதத்துக்குள், விற்றவர் செலவிலேயே திருப்பலாம். பழுது பார்ப்பதா, வேறு தருவதா, பணம் தருவதா என்று சொல்ல வேண்டியவர் வாங்கியவர்தான். உங்கள் ஏழு நாள் எந்த மூலைக்கு?

உங்களோடு சண்டை போட எனக்கு ஆசையில்லை. உங்கள் கடையை நானே பலருக்குச் சொல்லியிருக்கிறேன். ஆனால் இதுவும் நடக்கவில்லை என்றால் நுகர்வோர் பொருள் சேவைக் குறைதீர்ப்பாளரிடம் போவேன், அதற்கும் மேலே தேசிய நுகர்வோர் ஆணையம் இருக்கிறது. எங்கள் பகுதிப் பத்திரிகைக்கும் எழுதுவேன். ஒருவரைக் குறை சொல்லி எழுதும் முன் அவர் தரப்பைக் கேட்க வேண்டும் என்பது நம் நாட்டுப் பத்திரிகை நெறி. கேட்டாயிற்று என்று வைத்துக்கொள்ளுங்கள்.

புதிய பதிப்புக் கையேடும் முழு நாவலும் என் வீட்டுக்கே வர வேண்டும். அனுப்பும் முன் யாராவது 272க்கு அடுத்தது 273தானா என்று புரட்டிப் பாருங்கள். இருப்பு இல்லையென்றால் 15 சதவீத வாட் வரியோடு முழுப் பணம் வேண்டும். அந்தப் பையன் என்னைக் கூப்பிட்டு மன்னிப்புக் கேட்க வேண்டும். பழையவற்றை எடுக்கக் கூரியரை அனுப்புங்கள். கவுன்ட்டர் பக்கம் இனி வர மாட்டேன். ஏழு வேலை நாட்கள் பார்ப்பேன். எட்டாம் நாள் குறைதீர்ப்பாளருக்கான படிவம் போய்விடும்.

இப்படிக்கு,
சாட்ஸ்வொர்த் வாடிக்கையாளர்