நான்காம் கிழமை

ஆரையம்பதி
வெள்ளிக்கிழமை

அன்புள்ள ஹமீதா,

உன் கடிதம் செவ்வாய்க்கிழமை கிடைத்தது. றிஸ்னாவுக்குக் கலியாணம் நிச்சயமாகிவிட்டது என்ற வரியை இரண்டு தரம் வாசித்தேன். கலாசாலை விடுதியில் ஒரே மேசை விளக்கைப் பங்குபோட்டுப் படித்தபோது நமக்கு இருந்த வயதுதான் அவளுக்கு இப்போது. மருதமுனையில் நல்ல கைத்தறிச் சேலை ஒன்று எடுத்துவைக்கச் சொல்லியிருக்கிறேன். நிறத்தை நீ எழுது. முழங்காலுக்கு எண்ணெய் பூசிக்கொண்டே இருக்காமல் வைத்தியரிடம் போய்க் காட்டு. இங்கே வெயில் குறையவில்லை, கிணற்றில் தண்ணீர் இறங்கிவிட்டது. மற்றப்படி நாங்கள் சுகம்.

இனி, நாலு நாளாக மனதில் வைத்துக்கொண்டிருக்கும் விஷயத்தை எழுதுகிறேன். வேறு யாரிடம் சொன்னாலும் பாதிதான் விளங்கும்.

என் சிவப்புப் பேட்டுக்கோழியை 12 முட்டையோடு அடைவைத்திருந்தேன். திங்கட்கிழமை மூன்றாம் நாள். விறாந்தைக்குள் காகம் ஒன்று நுழைந்துவிட, கோழி பதறி எழும்பியதில் கடகத்துக்குள் ஒரு முட்டை வெடித்துவிட்டது. வெண்கரு கசியத் தொடங்கிவிட்டது, இனிப் பொரிக்காது. எறிய மனம் வரவில்லை. வெதுவெதுப்பான உப்புத்தண்ணீர் ஊற்றிய கோப்பையில் அதைப் பக்குவமாக உடைத்து விட்டு, பழைய கைவில்லையைத் தேடி எடுத்துக்கொண்டு, வெயில் விழும் படியில் போய் உட்கார்ந்தேன்.

ஹமீதா, 30 வருடத்துக்கு மேல் கரும்பலகையில் வரைந்தோமே, அதை நான் அன்றுதான் கண்ணால் பார்த்தேன். மஞ்சட்கருவின் மேல் ஓர் இரத்த வட்டம். வேர் பரவியதுபோல் மெல்லிய நாளங்கள் நாலு பக்கமும் ஓடி, ஓரத்தில் ஒரு வளையத்தில் சேர்கின்றன. நடுவில், முளைவிட்ட பயறு போல வளைந்து, ஒரு பக்கமாகச் சரிந்து கிடக்கிறது கோழி. முளையம் என்ற சொல்லை எத்தனை ஆயிரம் தரம் எழுதியிருப்போம்! அது எவ்வளவு பொருத்தமான சொல் என்று இப்போதுதான் தெரிகிறது. தலைப்பக்கம் கண்ணாடிக் குமிழ்கள் போல மூளை. கண் வரும் இடத்தில் மெல்லிய சாம்பல் வளையம். அதற்குக் கீழே கடுகளவு சிவப்பு, துடித்துக்கொண்டிருக்கிறது. கோப்பைத் தண்ணீர் ஆறும்வரை துடித்தது.

மூன்று பகலும் மூன்று இரவும் கழிந்த முட்டையில் துடிக்கும் இரத்தப் புள்ளியை அரிஸ்டோட்டிலும் எழுதிவைத்திருக்கிறார். 2300 வருடங்களுக்கு முன் அவர் கண்டதும் நான் கண்டதும் ஒன்றுதான்.

என்னை அதிக நேரம் பிடித்து வைத்தது முதுகு. நடுக்கோட்டின் இரு பக்கமும் சின்னஞ்சிறு கட்டிகள், செங்கல் அடுக்கியதுபோல் சோடி சோடியாக. 30ஐத் தாண்டியதும் எண்ணிக்கை தவறிவிட்டது. முள்ளந்தண்டும் விலா எலும்பும் முதுகுத் தசையும் இவற்றிலிருந்துதான் வருகின்றன. கோழியில் ஒன்றரை மணித்தியாலத்துக்கு ஒரு சோடி, தலைப்பக்கத்திலிருந்து வால்பக்கமாக, தவறாமல் பிரிகிறது. எலியில் இரண்டு மணித்தியாலம். வரிக்குதிரை மீன் என்று ஆய்வுக்கூடங்களில் வளர்க்கும் சின்ன மீனில் அரை மணித்தியாலம். கலங்களுக்குள் சில பரம்பரையலகுகள் மாறி மாறி விழித்தும் உறங்கியும் இந்த நேரத்தைக் காக்கின்றன. 1997 இல் பிரான்சில் ஒலிவியே பூர்க்கியேயின் குழுவினர் இதைக் கண்டுபிடித்தது கோழி முளையத்தில்தான். உடல் வளரும் வேகத்தோடு ஒப்பிட்டால் பாம்பின் முளையத்தில் இந்த மணிக்கூடு மிக விரைவாக ஓடுகிறது. அதனால்தான் சில பாம்புகளில் 300 சோடிக்கும் மேல் சேர்ந்துவிடுகிறது. என் வேலியோரம் போகும் சாரையின் நீளத்தை இனி நான் வேறு கண்ணோடு பார்ப்பேன்.

பார்வைக்கு எல்லாக் கட்டியும் ஒரே மாதிரி. ஆனாலும் எது கழுத்து, எது மார்பு என்பது அவற்றுக்குள் முன்பே எழுதப்பட்டிருக்கிறது. கோழி முளையத்தின் மார்புப் பகுதிக் கட்டியை எடுத்துக் கழுத்துப் பகுதியில் பதித்தால், அது கழுத்திலேயே விலா எலும்பை வளர்க்கிறது. ஒழுங்கைத் தாங்குபவை ஹொக்ஸ் எனப்படும் பரம்பரையலகுகள். பரம்பரையலகுகளைத் தாங்கும் நூல் போன்ற நிறமூர்த்தத்தில் அவை வரிசையாக அமர்ந்திருக்கும் முறையும், தலையிலிருந்து வால்வரை வேலை செய்யும் முறையும் ஒன்று. ஈயில் முதலில் காணப்பட்ட இந்த வரிசை மீனிலும் கோழியிலும் நம்மிலும் அப்படியே இருக்கிறது. கோழிக்குக் கழுத்தில் 14 எலும்பு, நமக்கு 7, ஒட்டகச்சிவிங்கிக்கும் 7. கழுத்து முடிந்து மார்பு தொடங்கும் கோடு எங்கே விழுகிறது என்பதுதான் வித்தியாசம்.

ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். நாம் பிள்ளைகளுக்குப் பிழையாகப் படிப்பித்திருக்கிறோம். மீன், ஆமை, கோழி, பன்றி, மனிதன் என்று வரிசையாக முளையப் படம் ஒட்டி, மனிதன் கருப்பைக்குள் மீனாக இருந்து மனிதனாகிறான் என்று சொன்னோமே, அது எர்ன்ஸ்ட் ஹெக்கல் 1874 இல் அச்சிட்ட படங்களிலிருந்து வந்த எண்ணம். ஒற்றுமையை அவர் மிகைப்படுத்தி வரைந்திருந்தார். அதற்கு முன்பே, 1828 இல், கார்ல் எர்ன்ஸ்ட் வொன் பேயர் என்ற முளையவியலாளர் சரியானதைச் சொல்லிவிட்டார்: முள்ளந்தண்டு உள்ள விலங்குகள் எல்லாவற்றுக்கும் பொதுவானவை முதலில் தோன்றும், தத்தமக்குரியவை பிறகு தோன்றும். மனித முளையம் மீன் முளையத்தை ஒத்திருக்குமே தவிர ஒருநாளும் வளர்ந்த மீனாக இருப்பதில்லை. பெயர் சீட்டு ஒட்ட மறந்த இரண்டு முளையங்கள் அவருடைய போத்தலில் இருந்தன. அவை பல்லியா, குருவியா, பாலூட்டியா என்று அவராலேயே சொல்ல முடியவில்லை.

தொடக்கத்திலிருந்தே எல்லாம் ஒன்று போல் இருக்கும் என்பதும் சரியில்லை. கோழி மஞ்சட்கருவின் மேல் தட்டையான வட்டமாகத் தொடங்குகிறது, தவளை உருண்டையாக. இடையில் ஒரு கட்டத்தில் எல்லாம் நெருங்கி வந்து, பிறகு மீண்டும் விலகிப்போகின்றன. கோயில் சடங்கில் அடிக்கும் உடுக்கை நினைத்துக்கொள், அந்த இடுப்புத்தான் அந்தக் கட்டம். அப்போது கழுத்தின் இரு பக்கமும் வில் வில்லாகத் தெரியும் மடிப்புகளை நாம் பூப்பிளவு என்று எழுதினோம். மீனில் அவை பூவை, அதாவது மூச்சுவிடும் செவுளை, தாங்குகின்றன. நம்மில் முதல் வில்லிலிருந்து தாடையும், காதுக்குள் இருக்கும் சம்மட்டி, பட்டடை என்ற இரு சிற்றெலும்புகளும் வருகின்றன. ஏந்தி எலும்பு இரண்டாவது வில்லிலிருந்து. றிஸ்னாவின் நிக்காஹ் வார்த்தைகளை நீ கேட்கப்போவது அந்த எலும்புகளின் வழியாகத்தான்.

இவை எல்லாவற்றையும்விட எனக்கு நெஞ்சில் தைத்தது வேறு. ஜெர்மனியில் ஹான்ஸ் ஸ்பீமன் தண்ணீர்ப்பல்லி முளையங்களை வைத்து ஒரு சோதனை செய்தார். தோலாகப் போகும் துண்டையும் மூளையாகப் போகும் துண்டையும் ஆரம்பத்திலேயே இடம் மாற்றி வைத்தால், ஒவ்வொன்றும் புதிய அயலுக்கு ஏற்றபடி மாறிவிடுகிறது. சற்றுப் பிந்தி மாற்றினால் எதுவும் மாறாது. மூளையாக முடிவான துண்டு, வயிற்றுப்பக்கம் வைத்தாலும் நரம்பாகவே வளர்கிறது. அவருடைய மாணவி ஹில்டே மங்கோல்ட், முளையத்தில் கலங்கள் உள்ளே மடிந்துபோகும் வாயின் மேல் உதட்டை எடுத்து, வேறு நிறமுள்ள இனத்து முளையத்தின் வயிற்றுப்பக்கத்தில் பதித்தாள். அங்கே இரண்டாவதாக ஓர் உடல் எழுந்தது, மூளையும் முதுகும் உட்பட. அதில் பெரும்பகுதி பதித்த துண்டிலிருந்து வரவில்லை. அயலில் இருந்த கலங்கள்தான் அழைப்பைக் கேட்டு உடலாகியிருந்தன. 1924 இல் அந்த ஆய்வு அச்சில் வந்தது. அதே வருடம் வீட்டில் அடுப்பு வெடித்து, தீக்காயத்தில் அவள் இறந்தாள். வயது 25, கைக்குழந்தை ஒன்று. ஸ்பீமனுக்கு 1935 இல் நோபல் பரிசு கிடைத்தது. இந்தப் பெண்ணின் பெயரை நாம் ஒரு வகுப்பில்கூடச் சொன்னதில்லை என்பது எனக்குப் பெரிய குறையாக இருக்கிறது.

உடல் உருவாவதில் ஒவ்வொன்றுக்கும் ஒரு வேளை உண்டு. அந்த வேளைக்குள் எதுவும் ஆகலாம்; தாண்டிவிட்டால் திறந்த கதவு சாத்திக்கொள்கிறது. கோப்பையைக் கையில் வைத்துக்கொண்டு இதை யோசித்தபோதுதான் எனக்கு அக்காவின் நினைவு வந்தது.

அக்காவின் முதற்பிள்ளையை நீ மறந்திருக்க மாட்டாய். ஆஸ்பத்திரிக்கு என்னோடு வந்தவள் நீதான். மண்டையின் மேற்பகுதி மூடாமல் பிறந்து, அன்றிரவே கண்மூடிய பெண்பிள்ளை. கிரகணத்தன்று அக்கா மீன் வெட்டினாள், அதனால்தான் இப்படி ஆனது என்று உறவுக்காரப் பெண்கள் சொன்னார்கள். அவள் காதுபடவே சொன்னார்கள். பிறகு இரண்டு ஆண்பிள்ளைகள் நல்லபடியாகப் பிறந்தும் அந்தப் பேச்சு அவளை விட்டுப் போகவில்லை. அன்றிலிருந்து இன்றுவரை அக்கா தன் கையால் மீன் வெட்டியதில்லை. சந்தையில் வெட்டித்தான் வாங்குகிறாள், இல்லாவிட்டால் மருமகள் வெட்டுகிறாள். வாவிக் கரையில் வாழும் ஒரு பெண் 45 வருடமாக!

மூளையும் முண்ணாணும் முதலில் தட்டையான ஒரு படை. பன்பாயின் இரு ஓரமும் தாமாக எழும்பி நடுவில் ஒன்றையொன்று தொட்டு ஒட்டிக்கொண்டால் எப்படி, அப்படித்தான் அது குழாயாகிறது. மனித முளையத்தில் கருக்கட்டி ஏறத்தாழ 22ஆம் நாள் பிடரிப்பக்கத்தில் ஒட்டத் தொடங்கி, 25ஆம் நாளளவில் தலைமுனை மூடுகிறது, 28ஆம் நாளளவில் வால்முனை மூடுகிறது. தலைமுனை மூடாவிட்டால் அக்காவின் பிள்ளைக்கு நடந்தது நடக்கும். எல்லாம் நான்காம் கிழமைக்குள் முடிந்துவிடுகிறது. நாள் தள்ளிப்போய் இரண்டு கிழமைதான் ஆகியிருக்கும். பல பெண்களுக்குத் தாங்கள் பிள்ளை சுமப்பதே அப்போது தெரியாது.

கிரகணம் வந்தது ஐந்தாம் மாதத்தில். எனக்கு நல்ல நினைவு. அந்தக் கிழமைதான் பிள்ளை அசைந்தது என்று என் கையைப் பிடித்துத் தன் வயிற்றில் வைத்தாள்.

புதன்கிழமை பஸ் ஏறிக் களுவாஞ்சிக்குடிக்குப் போனேன். அக்காவுக்குக் கடுதாசியில் படம் வரைந்து, நாள் கணக்கு எழுதிக் காட்டினேன். படத்தை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு, “நாலாம் கிழமையா?” என்று கேட்டாள். ஆம் என்றேன். “அப்போது எனக்குச் சத்திகூடத் தொடங்கவில்லையே” என்றாள். அதற்கு மேல் அவளும் பேசவில்லை, நானும் பேசவில்லை. தேத்தண்ணீர் ஆறிப்போயிற்று. நான் புறப்படும்போது அந்தக் கடுதாசியை மடித்துத் தலையணைக்குக் கீழே வைத்துக்கொண்டாள். இதை நான் 20 வருடத்துக்கு முன்பே செய்திருக்க வேண்டும். பாடமாகப் படித்ததை வீட்டுக்குக் கொண்டுபோகத் தெரியாமல் இருந்துவிட்டேன்.

அதனால்தான் றிஸ்னாவைப் பற்றி இப்போதே சொல்கிறேன், கூச்சப்படாமல் அவளிடம் சொல். உங்கள் பகுதிக் குடும்ப நல உத்தியோகத்தரிடம் போலிக் அமிலக் குளிசை கேட்டு வாங்கட்டும். நாளுக்கு 400 மைக்ரோகிராம், பிள்ளை தங்குவதற்குக் குறைந்தது ஒரு மாதம் முன்பே தொடங்கி, தங்கியபின் 12 கிழமை வரை. கீரையிலும் பயறிலும் அந்தச் சத்து இருக்கிறது, ஆனாலும் குளிசை வேண்டும். பிள்ளை தங்கியது தெரிந்த பிறகு கிளினிக்குக்குப் போய் வாங்கினால் அந்த நான்கு கிழமையும் கடந்திருக்கும். பிரித்தானிய மருத்துவ ஆராய்ச்சிப் பேரவை 1991 இல் வெளியிட்ட ஆய்வில், முன்பு இப்படிப் பிள்ளை சுமந்த பெண்கள் இந்தச் சத்தைக் கூடிய அளவில் எடுத்தபோது மீண்டும் அப்படி நேர்வது 72 வீதம் குறைந்தது. எல்லாவற்றையும் அது தடுத்துவிடாது. அக்காவின் பிள்ளைக்கு அதன் குறைவுதான் காரணம் என்றும் யாராலும் சொல்ல முடியாது. ஆனால் செய்யக்கூடியது இருக்கும்போது செய்யாமல் விடக்கூடாது, ஹமீதா.

கடகத்தில் மிச்சம் 11 முட்டை. இன்றைக்கு இரண்டு கிழமையில் 21ஆம் நாள். பொரிக்கும்போது பார்க்க அக்கா வந்து தங்கப்போவதாகச் சொல்லி அனுப்பியிருக்கிறாள். உன் முழங்கால் விட்டால் நீயும் வா. சேலையின் நிறத்தை மறக்காமல் எழுது.

அன்புடன்,
தங்கேஸ்வரி