24 நிமிட இருட்டு

பாரிஸ்,
ஞாயிற்றுக்கிழமை

அன்புள்ள ஆத்தாவுக்கு,

நான் நலம். நீங்களும் அப்பச்சியும் நலந்தானே? கொடுத்துவிட்ட சீப்புச்சீடை தீர்ந்துவிட்டது. இங்கே ஐந்தரை மணிக்கெல்லாம் இருட்டிவிடுகிறது.

நேற்று ஒரு படம் பார்த்தேன். கீ தெபோர் என்பவர் 1952-இல், 20 வயதில் எடுத்தது. அதில் காட்சியே கிடையாது. குரல் கேட்டால் திரை வெள்ளை, குரல் நின்றால் கறுப்பு. கடைசி 24 நிமிடம் முழுக்கக் கறுப்பு, சத்தமும் இல்லை. இதே ஊரில் முதல்முறை போட்டபோது ஜனங்கள் கலாட்டா செய்ததில் பாதியிலேயே நிறுத்திவிட்டார்களாம்.

அவரே 1973-இல் விளம்பரம், செய்திப்படம், பிறர் எடுத்த சினிமாத் துண்டு எல்லாவற்றையும் ஒட்டி இன்னொரு படம் எடுத்தார். வாழவேண்டியதை எல்லாம் நாம் வெறுமனே பார்த்துக்கொண்டிருக்கிறோம் என்பது அவர் கோபம். அது எனக்குச் சட்டென்று புரிந்ததற்கு நம் வீடுதான் காரணம். ஷூட்டிங்குக்கு முகப்பில் இருந்த ஐயா படத்தைக் கழற்றிவிட்டு வில்லன் படத்தை மாட்டினார்களே! அப்புறம் வந்தவர்கள் எல்லாம், "இங்கேதானே அந்தக் கொலை நடந்தது?" என்றார்கள். "எங்க ஐயா கட்டின வீடு" என்று அப்பச்சி சொல்லச் சொல்ல, காதில் வாங்காமல் தூணைப் பிடித்து போட்டோ எடுத்துக்கொண்டு போனார்கள். அப்பச்சி முகம் எனக்கு இன்னும் மறக்கவில்லை.

சரி, அந்தக் கறுப்புத் திரைக்கு வருகிறேன். முதலில் எரிச்சலாக இருந்தது. கை தானாகப் போனைத் தேடியது. கொஞ்ச நேரத்தில் பக்கத்து நாற்காலி கிரீச்சிட்டது. முன்வரிசைப் பெரியவர் இருமினார். பின்னால் யாரோ மெல்லச் சிரித்தார்கள். இத்தனை பேரோடு உட்கார்ந்திருக்கிறேன் என்பதே அப்போதுதான் உறைத்தது.

நம் வளவில் சீரியல் நடுவே கரண்ட் போகும் ராத்திரிகள் நினைவுக்கு வந்தன. எல்லாரும் "ஐயோ" என்போம். நீங்கள் விசிறியை எடுப்பீர்கள். அப்பத்தா பேச ஆரம்பிப்பார். அவருடைய அப்பச்சி 1942-இல் பர்மாவிலிருந்து நடந்தே வந்த கதையை ஒருநாள் சொன்னார். சுமை தாங்காமல் வழியில் ஓர் ஆற்றங்கரையில் கணக்குப் பேரேட்டைப் புதைத்தார் என்ற இடத்தில் கரண்ட் வந்துவிட்டது. எல்லாரும் டிவி பக்கம் திரும்பினோம். நானும்தான். அப்பத்தா வாயை மூடிக்கொண்டார். மறுபடி நாங்கள் கேட்கவேயில்லை.

அந்தப் பேரேடு என்ன ஆயிற்று, ஆத்தா? உங்களிடம் அப்பத்தா எப்போதாவது சொல்லியிருந்தால், தெரிந்தவரை எழுதுங்கள். போனில் வேண்டாம், கடிதமாகவே எழுதுங்கள்.

அன்புடன்,
உங்கள் மகன்