சின்னம்மாவிடம் நான் கேட்கப் போவதில்லை

அன்புள்ள மகளுக்கு,

உன் கடிதமும் பார்சலும் இலங்கை மலையகத்தில் இருக்கும் நம் ஹட்டனுக்கு ஒன்றாகவே வந்து சேர்ந்தன. சியோலில் ஜப்பானியத் தூதரகத்தின் எதிரே, இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் ஜப்பானிய இராணுவம் பாலியல் அடிமைகளாக்கிய பெண்களுக்கு நீதி கேட்டு 1992 ஜனவரி 8ஆம் திகதி தொடங்கிப் புதன்கிழமைதோறும் கூடுகிறவர்களோடு நீயும் நின்றாய் என்று வாசித்தபோது பெருமையாக இருந்தது. அந்தப் பெண்களின் நினைவாக 2011இல் அங்கே வைக்கப்பட்ட வெண்கலச் சிறுமி குதிகால் நிலத்தில் பதியாமல் அமர்ந்திருப்பதையும், அவள் பக்கத்து நாற்காலி வெறுமையாக இருப்பதையும் நீ எழுதிய பகுதியை இரண்டு தடவை படித்தேன். (பனியில் நிற்கும்போது கம்பளிக் காலுறை போட்டாயா என்பதை மட்டும் எழுதவில்லை.)

ஆனால், இங்கே தமிழருக்கு எதிராக நடந்த 1977 ஆகஸ்ட் வன்செயலில் என் சின்னம்மாவுக்கு என்ன நேர்ந்தது என்பதை அவரிடமே கேட்டு, நீ அனுப்பிய கருவியில் பதிந்து அனுப்பச் சொல்கிறாய். அதை நான் செய்ய மாட்டேன்.

அப்போது எனக்கு ஒன்பது வயது. தோட்டத் தொழிலாளர் வரிசை வீடுகளான எங்கள் லயத்துக்குத் தீ வைத்த இரவில் நாங்கள் தேயிலைச் செடிகளுக்கிடையே படுத்திருந்தோம். சின்னம்மா மறுநாள் மாலையில்தான் வந்து சேர்ந்தார். பிறகு, மலையகத்திலிருந்து வடக்கே வன்னிக்குப் போன பல குடும்பங்களைப் போல, அவரும் வவுனியாவுக்குப் போய்ப் பல வருடங்கள் கழித்துத் திரும்பினார். யாரும் அவரிடம் எதையும் கேட்கவில்லை. இன்றும் கதவுக்குப் பின்னால் அம்மிக்குழவியை உருட்டி வைத்த பிறகே படுக்கிறார். அந்த இரவு போர் என்று எந்தக் கணக்கிலும் எழுதப்படவில்லை என்பதும் எனக்குத் தெரியும்.

அப்படிப் பாதிக்கப்பட்டவர்களில் ஒருவரான, நீ போற்றுகிற கிம் ஹக்-சுன் அம்மையாரை எவரும் கையைப் பிடித்து மேடைக்கு இழுத்து வரவில்லை. 1990 நவம்பரில் பெண்கள் அமைப்புகள் ஒன்றுசேர்ந்து கதவைத் திறந்து வைத்திருந்தன. பெண்களை அடைத்து வைத்திருந்த அந்த இராணுவ விடுதிகள் தனியார் நடத்தியவை என்று ஜப்பானிய அரசு சொன்னதைக் கேட்டுப் பொறுக்காமல்தான் அவர் 1991 ஆகஸ்ட் 14ஆம் திகதி தம் பெயரைச் சொல்லிப் பேசினார். அதற்குள் கணவரும் பிள்ளைகளும் இறந்திருந்தார்கள். சின்னம்மாவுக்கோ மருமக்களும் பேரப்பிள்ளைகளும் இருக்கிறார்கள். ஒரே லயம், ஒரே குழாய்த் தண்ணீர், ஒரே வாய்ப்பேச்சு. தென்கொரிய அரசிடம் பாதிக்கப்பட்டவர்களாக 240 பேர் பதிவு செய்தார்கள் என்றால், பதிவு செய்யாமலே கண்மூடியவர்களும் இருந்திருப்பார்கள். அவர்களுக்குத் துணிச்சல் இல்லை என்று சொல்ல எனக்கு வாய் வராது.

இன்னொன்றையும் நீ மறக்கக் கூடாது. 2020 மே மாதம், தப்பிப் பிழைத்தவர்களில் ஒருவரான லீ யொங்-சூ அம்மையார், ஆதரவாளர்கள் தங்களைப் பயன்படுத்திக்கொண்டார்கள் என்றும், திரட்டிய பணம் பாதிக்கப்பட்டவர்களுக்குச் செலவாகவில்லை என்றும் பகிரங்கமாகக் குறைகூறினார். முழுக் குற்றமும் யாருடையது என்று தீர்ப்புச் சொல்வது என் வேலையல்ல; ஆனால் ஒரு பெண்ணின் துயரம் நம் கைக்கு வந்துவிட்டால் அதை நம்முடைய சொத்தாக நினைக்கும் ஆபத்து நல்லவர்களுக்கே அதிகம். சங்கக் கணக்கைப் பதினாறு வருடம் எழுதியவள் என்பதால் சொல்கிறேன். எனக்கு நெஞ்சில் நிற்பது, தப்பிப் பிழைத்த கிம் பொக்-தொங், கில் வொன்-ஒக் ஆகிய இருவரும் 2012இல், தங்களுக்கு இழப்பீடு கிடைத்தால் அதைக் கொங்கோ போன்ற நாடுகளில் இதே கொடுமைக்குள்ளான பெண்களுக்குக் கொடுப்போம் என்று அறிவித்தது. அப்படிப்பட்ட உதவியைப் பெறுவதற்கு எந்தப் பெண்ணும் யாருக்கும் கதை சொல்லிக் காட்ட வேண்டியிருக்கக் கூடாது என்றுதான் நான் நினைக்கிறேன்.

ஞாயிற்றுக்கிழமை சின்னம்மாவுக்குக் கண் பரிசோதனை இருக்கிறது. நான் கூடப் போகிறேன். பேசினால் கேட்பேன், பேசாவிட்டால் தேத்தண்ணி குடித்துவிட்டு வருவோம். உன் கருவி அலமாரியில் பத்திரமாக இருக்கிறது. அதைத் திருப்பி அனுப்பவா, இங்கேயே வைத்திருக்கவா என்று எழுது.

அன்புடன்,
அம்மா