எழுத்துப் பொருத்த சபை: செயலாளரின் ஆண்டறிக்கை

சீரிய தலைவர் அவர்களே, செயற்குழு அன்பர்களே, உறுப்பினர்களே, அனைவர்க்கும் வணக்கம்.

போன ஆண்டு அறிக்கையை 'திருமிகு' என்று தொடங்கிவிட்டேன். மங்கலச் சொல்தான், ஆனால் நான்கெழுத்து. முதற்சொல் இரட்டைப்படையில் நிற்கக் கூடாது என்பது விதி. மைக் செத்ததும் பந்தியில் பாயசம் திரிந்ததும் எல்லோருக்கும் நினைவிருக்கும். இம்முறை 'சீரிய', மூன்றெழுத்து. மைக் இதுவரை ஒழுங்காக இருக்கிறது.

புதிய உறுப்பினர்களுக்காக ஒரு வார்த்தை. ஒருவரைப் பாடும் நூலின் முதற்சொல்லும் முதலெழுத்தும் அவருக்குப் பொருந்த வேண்டும் என்று பாட்டியல் என்னும் செய்யுள் இலக்கண நூல்கள் பத்துப் பொருத்தம் வகுத்தன: மங்கலம், சொல், எழுத்து, தானம், பால், உண்டி, வருணம், நாள், கதி, கணம். குணவீர பண்டிதரின் வெண்பாப் பாட்டியல்தான் நம் அலமாரியில் அதிகம் கிழிந்த புத்தகம். மற்ற ஊர்களில் இவை புலவர்கள் பாடு. நம் ஊரில் எழுத்து வேலை செய்துவிடுவதால் கடைப் பலகை, கல்யாணப் பத்திரிகை, வாடகை ஒப்பந்தம் எல்லாம் சபை முத்திரைக்கு வருகின்றன.

இந்த ஆண்டின் பெரிய வழக்கு பேருந்து நிலைய ஓட்டல். முதலாளி பெயர் அகரத்தில் தொடங்குகிறது. தானப் பொருத்தத்தில் பாடப்படும் தலைவன் பெயரின் முதல் உயிரைப் பாலனாக வைத்து எண்ண வேண்டும்: அ ஆ பாலன், இ ஈ ஐ குமரன், உ ஊ ஔ அரசன், எ ஏ மூப்பு, ஒ ஓ மரணம். 'ஓட்டல்' என்று பலகை மாட்டிய மறுநாளிலிருந்து மாவு பொங்கவில்லை. 'உணவகம்' என்று மாற்றச் சொன்னோம். உகரம் அவருக்கு அரசன். "உணவகம்னா யாருங்க உள்ளே வருவா?" என்று கேட்டார். கேள்வி நியாயம்தான். கடைசியில் உகரப் பெயர் கொண்ட தம்பி பேருக்குக் கடையை மாற்றினார்கள். உகரத்திலிருந்து எண்ணினால் ஓகாரம் அரசனாகிவிடும். இட்லி இப்போது பூப்போல இருக்கிறது. அண்ணனும் தம்பியும் மட்டும் பேசிக்கொள்வதில்லை. அதற்குச் சபையில் விதி கிடையாது.

ஆடியில் மழை ஏடு வாசித்ததில் நடந்த பிழைக்குச் செயற்குழு வருத்தம் தெரிவிக்கிறது. பழைய ஓலையில் ரகரமும் காலும் ஒரே வடிவம்; ஓலை கிழியும் என்று புள்ளியும் வைக்க மாட்டார்கள். 'மழை ஊருக்கு வர' என்று இருந்ததை நம் வாசிப்பாளர் 'மழை ஊருக்கு வா' என்று ஏகவசனத்தில் அதட்டிவிட்டார். மழை முகத்தைத் திருப்பிக்கொண்டு பக்கத்து ஊரில் பெய்தது. ஐப்பசியில், 'வா' என்றவர் எங்கே என்று நேரே சபை அலுவலகத்துக்குள் வந்தது. நனைந்த பதிவேடுகள் மாடியில் காய்கின்றன.

1978 அரசாணைக்கு முன் வெட்டிய செப்புத் தகடுகளில் துதிக்கை வைத்த பழைய 'லை', 'ணை' இருக்கின்றன. புது வடிவில் நகல் எடுத்தால் தகடு ஒப்புக்கொள்வதில்லை. பழைய வடிவம் வெட்டத் தெரிந்த ஆசாரி ஒருவர்தான் மிச்சம், அவருக்கும் கண்புரை. யாராவது இளையவர் போய் உட்கார்ந்து கற்றுக்கொண்டால் நல்லது. போன ஆண்டும் இதையே சொன்னேன்.

இனி வருணம். உயிர் பன்னிரண்டும் ககரம் முதல் ணகரம் வரை ஆறு மெய்யும் அந்தணர்க்கு. த ந ப ம ய ர அரசர்க்கு. ல வ ற ன வணிகர்க்கு. மிஞ்சிய ழ, ள இரண்டும் நான்காம் வருணத்துக்கு என்கிறது விதி. இதைப் பார்த்துத்தான் இருபது வருஷம் முத்திரை குத்தினேன். கார்த்திகைக் கூட்டத்தில், சேர்ந்து ஆறு மாதமே ஆன ஓர் உறுப்பினர் எழுந்து, "ஐயா, ழகரத்திலும் ளகரத்திலும் எந்தத் தமிழ்ச் சொல்லும் தொடங்காதே, அப்புறம் அவங்களுக்கு எதை வச்சுப் பாட்டைத் தொடங்குவீங்க?" என்று கேட்டார். கூட்டத்தில் சத்தமே இல்லை. கலம்பகம் என்ற நூல் வகையில் தேவர்க்கு 100, அந்தணர்க்கு 95, வேளாளர்க்கு 30 என்று செய்யுளைக் குறைத்தவர்கள்கூட அந்த முப்பதையாவது கொடுத்தார்கள். இங்கே முதல் எழுத்தே இல்லை. இத்தனை நாள் எனக்கு இது உறைக்காதது என் தவறு; பதிவேட்டிலும் அப்படியே எழுதியிருக்கிறேன்.

பத்தில் ஒன்றை உருவினால் மற்ற ஒன்பதும் படுத்துவிடும் என்றார் மூத்தவர் ஒருவர். வாக்கெடுப்பில் வருணம் நீங்கியது. அவர் ராஜினாமாக் கடிதம் கொடுத்தார். உண்டிப் பொருத்தத்தில் 'ரா' நச்செழுத்து, முதலில் வரக் கூடாது என்பதால் அதை ஏற்க முடியவில்லை. 'விலகுதல்' என்று எழுதித் தரச் சொல்லியிருக்கிறோம். இன்னும் தரவில்லை, கூட்டங்களுக்கும் தவறாமல் வருகிறார். ஒன்பது பொருத்தத்தில் முத்திரையிட்ட பலகைகள் எதுவும் இதுவரை கீழே விழவில்லை. தீர்மானத்தில் 'தமிழ்' என்ற சொல்லின் கடைசி எழுத்து மட்டும் இன்றுவரை மை காயவில்லை. தொட்டுப் பார்க்க விரும்புகிறவர்கள் கூட்டம் முடிந்ததும் வரலாம். வெள்ளைச் சட்டைக்காரர்கள் தள்ளி நிற்கவும்.

கணக்கைப் பொருளாளர் படிப்பார். 'லாப நட்டம்' என்று தொடங்க வேண்டாம், லா நச்செழுத்து என்று அவரிடம் சொல்லியிருக்கிறேன். 'வரவு செலவு' என்றே தொடங்கட்டும். வகரம் நஞ்சுக்கு எதிரான அமுத எழுத்து, வரவும் மூன்றெழுத்து. எவ்வளவு வந்தது என்பது அவருக்குத்தான் தெரியும்.