பின் இருக்கைக்கு யார் பொறுப்பு?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற மழைக்காலத்தில் எங்கள் தெருப் பெண் ஒருவர், தம்பியின் பைக்கில் பின்னால் உட்கார்ந்து ரேஷன் கடைக்குப் போனார். வெள்ளைக்கோடு அழிந்துபோன வேகத்தடையில் வண்டி தூக்கிப் போட்டதில் விழுந்து இடுப்பெலும்பு முறிந்தது. எதிரில் வேறு வண்டி எதுவும் வரவில்லை. பைக்குக்கு இன்சூரன்ஸ் நடப்பில் இருந்தது, தம்பியிடம் லைசென்ஸும் இருந்தது. ஆனாலும் கம்பெனி கையை விரித்துவிட்டது. "இது தேர்டு பார்ட்டி பாலிசி, பின்னால் உட்கார்ந்து வருபவருக்குப் பொருந்தாது" என்றார்கள். தாலிச் செயினை அடகு வைத்துத்தான் ஆபரேஷன் நடந்தது.

அந்தப் பதில் சட்டப்படி சரி என்று தெரிந்தபோதுதான் மனம் ஆறவில்லை. தேர்டு பார்ட்டி இன்சூரன்ஸ், அதாவது நம் வண்டியால் அடிபடும் மூன்றாம் நபருக்கு இழப்பீடு தரும் காப்பீடு, இல்லாமல் வண்டியை ரோட்டில் எடுக்கக்கூடாது என்று மோட்டார் வாகனச் சட்டத்தின் 146-வது பிரிவு கட்டாயப்படுத்துகிறது. ஆனால் அந்தக் கட்டாய பாலிசியில் பின்னால் இருப்பவர் 'மூன்றாம் நபர்' ஆகமாட்டார் என்று உச்ச நீதிமன்றம் 2006-லும், கேரளத்தில் ஸ்கூட்டரிலிருந்து விழுந்து இறந்த ஒரு பெண்ணின் வழக்கில் 2008-லும் சொல்லிவிட்டது. லாரியோ காரோ வந்து மோதினால் அந்த வண்டியின் இன்சூரன்ஸில் கேட்கலாம். நாய் குறுக்கே ஓடியோ, மணலில் சறுக்கியோ விழுந்தால், வண்டி ஓட்டியவர் மீதுதான் வழக்குப் போட வேண்டும். அவர் கணவராக இருப்பார், அண்ணனாக இருப்பார், பெற்ற பிள்ளையாக இருப்பார். யார் போடுவார்கள்?

தேர்டு பார்ட்டியோடு நம் வண்டிச் சேதத்துக்கும் சேர்த்து எடுக்கும், 'ஃபுல் இன்சூரன்ஸ்' என்று நாம் சொல்லும் பேக்கேஜ் பாலிசி இருந்தால் கதை வேறு. அதில் பின்னால் இருப்பவருக்கும் கம்பெனி பொறுப்பு என்று காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையம் 2009-ல் சுற்றறிக்கை அனுப்பியது. 2012-ல் உச்ச நீதிமன்றமும் அதை ஏற்றுக்கொண்டது. ஆனால் இது எத்தனை பேருக்குத் தெரியும்?

2018 செப்டம்பர் முதல் புது பைக் வாங்கும்போதே ஐந்து ஆண்டுக்குத் தேர்டு பார்ட்டி எடுத்துவிடுகிறோம். வண்டிச் சேதத்துக்கான பகுதியைப் பெரும்பாலும் ஓராண்டுக்குத்தான் போட்டுத் தருகிறார்கள். அடுத்த ஆண்டு அதைப் புதுப்பிக்க மறந்தால் மிஞ்சுவது வெறும் தேர்டு பார்ட்டிதான். 'அஞ்சு வருஷத்துக்குக் கவலையில்லை' என்று நினைத்துக்கொண்டு மனைவியையும் குழந்தையையும் ஏற்றிக்கொண்டு போகிறோம். தனிநபர் விபத்துக் காப்பீட்டைக் கூடுதலாகச் சேர்க்கலாம் என்பார்கள். அது உயிரிழப்புக்கும் நிரந்தர ஊனத்துக்கும்தான். குணமாகிவிடும் எலும்பு முறிவுக்கும் மூன்று மாதச் சம்பள இழப்புக்கும் அதில் எதுவும் கிடைக்காது.

2019-ல் சட்டத்தைத் திருத்தியபோது, லாரி, பஸ் போன்ற போக்குவரத்து வாகனத்தின் ஓட்டுநரையும் உடன் வேலை செய்பவரையும் 'மூன்றாம் நபர்' என்ற வரையறைக்குள் கொண்டுவந்தார்கள். நல்ல காரியம். அதே வரியில் பைக்கின் பின் இருக்கையையும் சேர்த்திருக்கலாம். பின்னால் இருப்பவரும் ஹெல்மெட் போட வேண்டும், போடாவிட்டால் அபராதம் என்று சொல்லும் அதே சட்டம், அவர் அடிபட்டால் மட்டும் அவரை ஒதுக்கிவிடுவது என்ன நியாயம்? 75 முதல் 150 சிசி வரையிலான பைக்குக்கு 2022-ல் நிர்ணயித்த தேர்டு பார்ட்டி பிரீமியம் ஆண்டுக்கு 714 ரூபாய். பின்னால் இருப்பவருக்காக அதில் கொஞ்சம் கூட்டினாலும் குடும்பத்தோடு பைக்கில் போகிற யாரும் மறுக்கமாட்டார்கள்.

நம் நாடாளுமன்ற உறுப்பினர்கள் இதை அவையில் எழுப்ப வேண்டும். சட்டம் மாறும் வரையில், 'பின் இருக்கையில் பயணிப்பவருக்குக் காப்பீடு உண்டு' அல்லது 'இல்லை' என்று பாலிசியின் முதல் பக்கத்திலேயே பெரிய எழுத்தில், தமிழில் அச்சிடும்படி கம்பெனிகளுக்கு ஆணையம் உத்தரவிட வேண்டும். ஷோரூமில் பணம் கட்டும் முன்பே அதைப் படித்துக் காட்டவும் வேண்டும்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
கும்பகோணம்.