கறிவேப்பிலைப் புழுவுக்கு மருந்தடிக்க வேண்டாம்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழின் நடுப்பக்கத்தில் வந்த வண்ணத்துப்பூச்சிப் படங்கள் அத்தனை அழகு. என் பேத்தி அந்தத் தாளைப் பத்திரமாக வெட்டி எடுத்து, தன் மேசைக்கு மேலே ஒட்டி வைத்திருக்கிறாள். அதே இதழின் வீட்டுத்தோட்டப் பகுதியில், கறிவேப்பிலையில் பச்சைப் புழு விழுகிறது, என்ன செய்வது என்று ஒரு வாசகி கேட்டிருந்தார். மருந்தடிக்கச் சொல்லிப் பதில் வந்திருந்தது. நடுப்பக்கத்தில் முதல் படமாக இருந்த கறிவேப்பிலை அழகியின் பிள்ளைதான் அந்தப் பச்சைப் புழு. இதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம்.

கேள்வி கேட்டவர் மீது எனக்குக் குறை இல்லை. நானும் பல வருடங்கள் அந்தப் புழுவைக் கண்ட இடத்தில் இலையோடு ஒடித்துப் போட்டு மிதித்தவள்தான். ஒரு மழைக்காலத்தில் உடம்புக்கு முடியாமல் பத்து நாள் வீட்டிலேயே கிடந்தபோது, பொழுது போகாமல் பின்வாசலில் உட்கார்ந்து அதைப் பார்க்க ஆரம்பித்தேன். கொழுந்தில் கடுகு அளவுக்கு ஒரு மஞ்சள் முட்டை. அதிலிருந்து வந்த புழு, குருவி எச்சம் காய்ந்து ஒட்டியிருப்பதைப் போலவே பழுப்பும் வெள்ளையுமாக இருந்தது. எச்சம் என்று நினைத்துப் பறவைகள் விட்டுவிடுமாம். தோல் உரித்து உரித்து வளர்ந்து, ஒரு நாள் காலையில் பார்த்தால் இலைப் பச்சைக்கு மாறியிருந்தது. ஈர்க்குச்சியால் லேசாகத் தொட்டேன். தலைக்குப் பின்னாலிருந்து கவட்டை மாதிரி ஒரு சிவப்புக் கொம்பு வெளியே வந்தது. கூடவே ஒரு காட்டமான வாடை. கடிக்கவும் இல்லை, அரிப்பும் இல்லை. தொட்டால் அரிக்கிற கம்பளிப்பூச்சி வேறு. அவற்றில் பெரும்பாலானவை அந்துப்பூச்சி வகை.

அப்புறம் அது கூட்டுப்புழுவானது. வால் நுனியைக் குச்சியில் ஒட்டிக்கொண்டு, இடுப்பைச் சுற்றி ஒரே ஒரு பட்டு இழையைக் கட்டிக்கொண்டு, மின்கம்பத்தில் ஏறிய ஊழியர் கயிற்றில் சாய்ந்து நிற்பாரே, அப்படியே சாய்ந்து நின்றது. முட்டையிலிருந்து சிறகு விரிப்பது வரை எல்லாம் சுமார் ஒரு மாதம். நம் வெப்ப மண்டலத்தில் குளிருக்குப் பயந்து முடங்க வேண்டியதில்லை, மழை பெய்து கொழுந்து விட்டால் போதும், ஆண்டுக்குப் பல தலைமுறை. ஆனால் அதே காரணத்தால், ஐப்பசி மழைக்குப் பின் துளிர்க்கும் நேரம் பார்த்து அடிக்கும் ஒரு மருந்து ஒரு தலைமுறையையே கொண்டுபோய்விடும்.

இனி ஆடுதின்னாப்பாளை என்ற கொடியைப் பற்றி. கறிவேப்பிலை அழகியில் ஆண் கறுப்பு, பின் சிறகில் வெள்ளைப் புள்ளிகள் வரிசையாக இருக்கும். பெண்களில் சில ஆணைப் போலவே இருக்கும். மற்ற பெண்கள் அச்சு அசலாக வேறு பூச்சிகளின் வேடத்தில் திரியும். ஒரு வகை ரோஜா அழகி போல, இன்னொரு வகை சிவப்புடல் அழகி போல. காரணம், அந்த இரண்டையும் பறவைகள் தின்னாது. அவற்றின் புழுக்கள் தின்று வளர்வது ஆடுதின்னாப்பாளை, ஈஸ்வரமூலி போன்ற கொடிகளை. ஆடே தின்னாத கசப்பு என்று நம் முன்னோர் பெயரிலேயே எழுதி வைத்துவிட்டார்கள். அந்த நஞ்சைப் புழு தன் உடம்பில் சேர்த்து வைத்து, பூச்சியானபின்னும் விடாமல் வைத்துக்கொள்கிறது. ஒருமுறை கடித்துப் பார்த்துத் துப்பிய பறவை மறுமுறை கிட்ட வராது. அந்த நினைப்பில்தான் வேடம் போட்ட கறிவேப்பிலை அழகியும் பிழைக்கிறது. நஞ்சுள்ள பூச்சிகள் குறைந்துபோனால் பறவைக்குப் பாடம் கிடைக்காது, வேடமும் பலிக்காது. ஆக, என் வீட்டுப் பின்வாசல் பூச்சியின் உயிர், ஊருக்கு வெளியே ஏதோ ஒரு வரப்பில் கிடக்கும் பாளைக் கொடியில் இருக்கிறது.

எங்கள் கரிசல் காட்டு வரப்பில் பாளை சாதாரணமாகக் கிடக்கும். இப்போது ஆள் கூலி கட்டுபடியாகவில்லை என்று வரப்போரம் முழுக்கக் களைக்கொல்லி அடிக்கிறார்கள். விவசாயியின் கஷ்டம் எனக்குத் தெரியும், நாங்களும் பயிர் வைத்தவர்கள்தான். ஆனாலும் பயிர் இல்லாத வரப்புக்கு எதற்கு மருந்து? சிவப்புடல் அழகியைக் காட்டுயிர்ப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையிலேயே சேர்த்தார்கள். அது தின்னும் கொடிக்கு எந்தப் பாதுகாப்பும் இல்லை.

இரண்டு வருடங்களுக்கு முன் எங்கள் பகுதியில் ஓர் ஊருணிக் கரையைச் சுத்தம் செய்து வண்ணத்துப்பூச்சிப் பூங்கா என்று அறிவித்தார்கள். ஜேசிபி வந்து ஒரே காலைப்பொழுதில் எருக்கு, வேலிப்பருத்தி, ஆவாரை, கிலுகிலுப்பை எல்லாவற்றையும் வழித்துப் போட்டது. பிறகு கொரியன் புல் விரித்து, இட்லிப்பூச் செடி வரிசையாக வைத்தார்கள். இட்லிப்பூவில் தேன் உண்டு, பூச்சிகள் வரும், உண்மைதான். ஆனால் தேன் வந்துபோகிறவர்களுக்கான காபித் தண்ணீர் மாதிரி. குடும்பம் நடத்த இலை வேண்டும். எருக்கும் அதன் இனச் செடிகளும் இல்லாத இடத்தில் வெந்தய வரியன் என்ற வண்ணத்துப்பூச்சி முட்டை வைக்காது. கொன்றையும் ஆவாரையும் இல்லாத இடத்தில் மஞ்சள் பூச்சிகளுக்கும் வெள்ளையன்களுக்கும் வழியில்லை. அன்று பிடுங்கிப் போட்ட எருக்கில் வரிவரியான புழுக்கள் ஊர்ந்துகொண்டிருந்ததைக் கண்ணால் பார்த்தேன். கையில் அகப்பட்ட பதினோரு புழுக்களைப் பையில் எடுத்து வந்து, ரயில்வே கேட் பக்கத்து எருக்கில் விட்டேன். இன்றுவரை அந்தக் காட்சி மனதை விட்டுப் போகவில்லை.

இது எங்கள் ஊரோடு நிற்கிற விஷயம் இல்லை. வடகிழக்குப் பருவமழைக்கு முன், அக்டோபர், நவம்பர் வாக்கில், சேர்வராயன், கொல்லிமலை, பச்சைமலைப் பக்கமிருந்து கருநீல வரியன், வெண்புள்ளிக் கருப்பன் என்ற வண்ணத்துப்பூச்சிகள் கூட்டம் கூட்டமாக மேற்குத் தொடர்ச்சி மலையை நோக்கிப் பறந்து போகின்றன. தென்மேற்குப் பருவமழை தொடங்குமுன் அங்கிருந்து சமவெளிக்கு வருகின்றன. இரண்டு பருவமழைக்கும் நடுவில் போய்வரும் பயணம் அது. வழியில் ஆண் பூச்சிகள் கிலுகிலுப்பையின் வாடிய இலைகளையும் தேள்கொடுக்குச் செடியையும் மொய்த்துக்கொண்டிருக்கும். அவற்றிலுள்ள கசப்புச் சத்தை உறிஞ்சித்தான் இணையைக் கவரும் மணத்தை உண்டாக்கிக்கொள்கின்றன. சாலையோரம் நாம் களை என்று வெட்டி எறிவது அந்தச் செடிகளைத்தான். மேற்குத் தொடர்ச்சி மலையில் 330க்கும் மேற்பட்ட வகை வண்ணத்துப்பூச்சிகள் இருப்பதைப் பெருமையாகச் சொல்கிறோம். காட்டுக்குள் மட்டும் காப்பாற்றினால் போதாது, நடுவிலுள்ள ஊர்களிலும் அவை இறங்கித் தங்க இடம் வேண்டும்.

2019இல் தமிழ் மறவனை மாநில வண்ணத்துப்பூச்சியாக அறிவித்தபோது எனக்கு நிஜமாகவே சந்தோஷம். படம் எல்லா இடத்திலும் வந்தது. அதன் புழு தின்னும் நீரடிமுத்து மரத்தின் படம் என் கண்ணில் படவே இல்லை. தொழுநோய்க்கு எண்ணெய் கொடுத்த மரம் அது. மறவனோடு சேர்த்து அந்த மரத்தையும் பிள்ளைகளுக்குக் காட்டியிருக்கலாம்.

நல்ல உதாரணமும் இருக்கிறது. ஸ்ரீரங்கத்தை அடுத்த மேலூரில், காவிரிக்கும் கொள்ளிடத்துக்கும் நடுவே 2015இல் திறந்த 25 ஏக்கர் வண்ணத்துப்பூச்சிப் பூங்காவில் பூச்செடிகளோடு புழுக்களுக்கான செடிகளையும் தேடித்தேடி வளர்த்திருக்கிறார்கள். நூற்றுக்கும் மேற்பட்ட வகைகளை அங்கே பதிவு செய்திருக்கிறார்கள். எங்கள் ஊருணிக் கரையில் அதில் ஒரு பங்கு வந்திருக்கும், பாதிப் புதரை அப்படியே விட்டிருந்தாலே.

தங்களிடம் என் வேண்டுகோள் இதுதான். அடுத்த இதழில் அந்த வாசகிக்கு வேறு பதில் போடுங்கள். வளர்ந்த கறிவேப்பிலை மரத்தைப் புழு ஒன்றும் செய்துவிடாது. சின்னக் கன்றாக இருந்தால் புழுவை மெதுவாக எடுத்து எலுமிச்சையிலோ நாரத்தையிலோ விடலாம், அதையும் தின்னும். சமையலுக்குப் பறிக்கும் இலையில் மருந்து இல்லாமல் இருப்பது நமக்கும் நல்லதுதானே. படம் போடும்போது ஒவ்வொரு பூச்சிக்கும் பக்கத்தில் அதன் செடியின் பெயரையும் ஊர் வழக்கில் போடுங்கள். எந்தச் செடியை வெட்டக் கூடாது என்று தெரிந்தால் பலர் வெட்ட மாட்டார்கள், எனக்கு அந்த நம்பிக்கை இருக்கிறது.

பாளையின் காய் முற்றிக் காய்ந்து வெடிக்கும்போது, குட்டி உறி ஒன்றைத் தொங்கவிட்டது போல இருக்கும். அப்படி ஏழெட்டுக் காய்களிலிருந்து விதை எடுத்துத் தபால் உறையில் போட்டு வைத்திருக்கிறேன். முதல் மழை விழுந்ததும் ஊருணிக் கரையின் மேல்புறம், ஜேசிபி எட்டாத மூலையில் ஊன்றப் போகிறேன். பேத்தியும் வருகிறேன் என்று சொல்லியிருக்கிறாள்.

அன்புடன்,
தங்கள் நெடுநாள் வாசகி,
சாத்தூர்.