எண்ணிக்கை சொல்லாத கதை

அன்புள்ள நண்பா,

உன் கடிதம் கிடைத்தது. கடலிலிருந்து முட்டையிட ஆற்றுக்குத் திரும்பும் சால்மன் மீன்களை வட அமெரிக்காவின் கொலம்பியா ஆற்றில் எண்ணும் வரவுக் கணக்கைப் பார்த்துவிட்டு, "இத்தனை சால்மன் ஏறுகிறதே, பிறகு எதற்குக் கவலை?" என்று கேட்டிருந்தாய். அந்தக் கணக்கு பொய்யில்லை. ஆனால் அதில் ஆற்றிலேயே பிறந்தது, பொரிப்பகத் தொட்டியில் முட்டை பொரித்து வளர்த்து விட்டது என்று இரண்டு வகை மீன் கலந்திருக்கிறது.

அந்த ஆற்றுப் படுகையில் பொரிப்பகங்கள் ஆண்டுதோறும் 10 கோடிக்கும் மேற்பட்ட குஞ்சுகளை விடுகின்றன. அவற்றில் பெரும்பாலானவற்றுக்கு முதுகின் பின்பக்கம் இருக்கும் சிறு கொழுப்புத் துடுப்பை வெட்டிவிடுவார்கள், அடையாளத்துக்காக. எல்லாவற்றுக்கும் வெட்டுவதில்லை என்பதால், துடுப்போடு வரும் மீனெல்லாம் ஆற்றில் பிறந்தது என்றும் சொல்லிவிட முடியாது. தொட்டியில் தீவனம் தின்று வளர்ந்தது ஆற்றுக்குப் போய் முட்டையிட்டால், அதன் சந்ததி பிழைப்பது குறைவு. அது ஆற்று மீனோடு சேர்ந்து முட்டையிட்டால் அந்த வம்சமும் பலவீனப்படுகிறது. மொத்த எண்ணிக்கை ஏறிக்கொண்டிருக்கும்போதே ஆற்றில் பிறந்த மீன் இப்படிக் கரைந்துபோகலாம்.

வலையும் அப்படித்தான். கலந்து வரும் கூட்டத்தில் வீசும் வலைக்குப் பொரிப்பக மீன் எது, சிற்றோடையில் மிஞ்சிய நூறு மீனில் ஒன்று எது என்று தெரியாது. ஐடஹோவின் ரெட்ஃபிஷ் ஏரிக்கு எட்டு அணைகளைத் தாண்டி 1992இல் வந்து சேர்ந்தது ஒரே ஒரு சாக்காய் சால்மன். அதற்கு முந்தைய ஆண்டுதான் அந்த ஏரிக்கு வரும் சாக்காய் கூட்டத்தை அழிநிலைப் பட்டியலில் சேர்த்திருந்தார்கள்.

அலாஸ்காவின் பிரிஸ்டல் விரிகுடாவில் செய்வது எனக்கு மிகவும் பிடித்த முறை. ஆற்றின் இரு கரையிலும் கோபுரம் கட்டி, மணிக்கு 10 நிமிடம் மேலேறும் மீனை எண்ணி, 6ஆல் பெருக்குகிறார்கள். முட்டையிட எத்தனை மீன் போக வேண்டும் என்ற இலக்கு ஆற்றுக்கு ஆறு தனி. வரவு பின்தங்கினால் வலையை நிறுத்துவார்கள், மிஞ்சினால் திறப்பார்கள். பிடிக்கும் அளவை முன்கூட்டியே நிர்ணயித்துவிட்டு மீனை எதிர்பார்ப்பதைவிட இது எவ்வளவோ மேல்.

ஆனால் மீனை மேலே அனுப்பினால் மட்டும் போதாது, சரளைப் படுகை நன்றாக இருக்க வேண்டும். பெண் மீன் பக்கவாட்டில் சாய்ந்து, வாலால் கல்லை அடித்துக் குழி பறிக்கும். பட்டாணி அளவு முட்டைகளை அதில் இட்டு, சற்று மேல்பக்கம் தோண்டிய கல்லால் மூடும். கல் இடுக்கில் நீர் ஓடிக்கொண்டே இருந்தால்தான் முட்டைக்கு மூச்சு. மரம் வெட்டப் போட்ட மண்பாதையிலிருந்து நுண்மணல் இறங்கி இடுக்கை அடைத்தால், வெளியே ஒன்றுமே தெரியாது, உள்ளே முட்டைகள் மூச்சு முட்டிச் சாகும். நீர் 20 டிகிரியைத் தாண்டினால் ஏறிவரும் மீனே தளர்ந்துவிடும். 2015 கோடையில் கொலம்பியா ஆற்றில் லட்சக்கணக்கான சாக்காய் மடிந்தது அப்படித்தான்.

மின்சாரத்துக்காக நீரை ஏற்றி இறக்குவது இன்னொரு ஆபத்து. இரவில் நீர் குறைந்தால் கரையோரக் குழிகள் காய்ந்துபோகும். கொலம்பியா ஆற்றின் ஹான்ஃபோர்ட் பகுதியில் 1988இல் செய்துகொண்ட வெர்னிட்டா பார் ஒப்பந்தம் இதற்கு எளிய வழி கண்டது. இலையுதிர் காலத்தில் வரும் ஷினூக் என்ற சால்மன் வகை பெரும்பாலும் பகலில்தான் முட்டையிடும். அதனால் அந்தப் பருவத்தில் பகல் நீரைத் தாழ்வாக வைத்து, ஓட்டத்தை இரவுக்குத் தள்ளினார்கள். குழிகள் தாழ்வான இடத்திலேயே அமைந்தன. குஞ்சு வெளிவரும் வரை அவை மூழ்கியிருக்கும்படி குறைந்தபட்ச நீரையும் உறுதிசெய்தார்கள். அணை அப்படியே நின்றது, நீர் விடும் நேரம்தான் மாறியது.

மீன் மேலேற ஏணிப் படிக்கட்டே இல்லாத அணைக்கு இந்த நேர மாற்றம் உதவாது. ஆரிகனிலிருந்து கலிஃபோர்னியா வழியே கடலுக்கு ஓடும் கிளாமத் ஆற்றில் நான்கு அணைகளை அகற்றி முடித்த 2024இலேயே, அக்டோபரில் ஷினூக் ஆரிகன் எல்லைக்குள் மேலேறிவிட்டது. அங்கே தேங்கியிருந்த வண்டல் சரளையை மூடாமல் எவ்வளவு சீக்கிரம் கழுவிப் போகிறது, கோடையில் கிளை ஓடைகள் எவ்வளவு குளிர்ச்சியாக இருக்கின்றன என்பதை இனிக் கவனமாகப் பார். அந்த மேல்பகுதியைப் பொரிப்பகக் குஞ்சுகளால் நிரப்ப அவசரப்படாமல் இருக்க வேண்டும் என்பதுதான் என் ஆசை. மீன் தானாக ஏறி வந்திருக்கிறது, அதற்கு இடம் விடலாம். நீ என்ன நினைக்கிறாய் என்று எழுது.

அன்புடன்,
உன் நண்பன்